செவ்வாய்க்கிழமை மட்டும் தாமதம்

சியேனா ரயில் நிலையத்துக்கு எதிரே வண்டியை நிறுத்திவிட்டு, எட்டுப் பேரின் பெயர் எழுதிய அட்டையை லோரியானா முன்கண்ணாடியில் செருகிக்கொண்டிருந்தபோது டூச்சோவிடமிருந்து போன் வந்தது. காலை எட்டு மணிக்குள் முதலாளி கூப்பிட்டால் அது சுகம் விசாரிக்க அல்ல என்பது எந்த ஊர் ஓட்டுநருக்கும் தெரியும்.

"லோரியானா, மறுபடியும் ஒருத்தர் புகார் எழுதியிருக்காங்க. வாசிக்கட்டுமா?"

"வேணாம். சாப்பாட்டுக்கு எவ்வளவு நேரம் காத்திருந்தாங்களாம், அதை மட்டும் சொல்லு."

"ஒரு மணி ஐம்பது நிமிஷம். கடைசி ஊரை வண்டி ஜன்னல் வழியா பாத்துட்டுத் திரும்பினாங்களாம். இந்த மாசத்துல இது மூணாவது புகார்."

டூச்சோவுக்கு முப்பது வயதுதான். அவனுடைய அப்பா இந்தச் சுற்றுலா கம்பெனியை நடத்திய காலத்திலேயே லோரியானா வண்டி ஓட்ட வந்துவிட்டாள். அப்பாவின் நாளில் ஒரு நாள் சுற்றுலா என்றால் மலை மேல் இரண்டு ஊர், நடுவில் ஒரு ஒயின் பண்ணை, அவ்வளவுதான். மகன் வந்ததும் மூன்றாவதாக ஓர் ஊரைச் சேர்த்தான். நாள் மட்டும் அதே நீளத்தில்தான் இருந்தது.

"இன்னிக்கு மேசையில உக்காந்ததுலேருந்து எழுந்திருக்கிற வரைக்கும் ஒரு மணி நேரம்," என்றான் டூச்சோ. "அதுக்கு மேல போச்சுன்னா ஜூன்லேருந்து அந்தப் பண்ணை வேணாம். நெடுஞ்சாலை ஓரத்துல புதுசா ஒண்ணு திறந்திருக்காங்க. அறுபது பேர் உக்காரலாம். தட்டை எடுத்துக்கிட்டு அவங்களே போட்டுக்குவாங்க."

"அங்க ஓட்டுநருக்கு எங்க சாப்பாடு?"

"கூப்பன் குடுப்பாங்க."

லோரியானா சட்டென்று போனை வைத்துவிட்டாள். வாயில் வந்ததைச் சொல்லியிருந்தால் அன்றைக்கே வேலை போயிருக்கும்.

ஓட்டுநர் மேசை எங்கள் பக்கத்தில் எழுதி வைக்காத சட்டம். ஆட்களைக் கூட்டிவரும் ஓட்டுநருக்கு எந்தப் பண்ணையிலும், எந்தச் சாப்பாட்டுக் கடையிலும், சமையலறைக் கதவுக்குப் பக்கத்தில் ஒரு மேசை உண்டு. அதில் காசு கிடையாது, பட்டியல் கிடையாது. விருந்தாளிகளுக்குப் படம் எடுக்கத் தோதாக அழகழகாகத் தட்டு போகும். ஓட்டுநருக்குச் சமையல்காரர் தனக்கென்று எடுத்து வைத்திருப்பதிலிருந்து பாதி வரும். எது ருசியாக இருக்கும் என்று சொல்ல வேண்டியதில்லை. லோரியானா இருபத்திரண்டு வருடத்தில் நாற்பது ஓட்டுநர் மேசைகளிலாவது சாப்பிட்டிருப்பாள். ஆனால் 'மூன்று ஆந்தை' ஒயின் பண்ணையில் சமையல்காரர் எர்மான்னோவின் சமையலறை வாசலில் இருக்கும் மேசைக்கு ஈடாக ஒன்றையும் அவள் பார்த்ததில்லை. எட்டு வருடமாக ஒவ்வொரு செவ்வாய்க்கிழமையும் அங்கேதான் மதியச் சாப்பாடு.

சாப்பாட்டுக்காகத்தான் போகிறேன் என்று அவள் யார் கேட்டாலும் சொல்வாள். யாரும் கேட்காதபோது தனக்குத் தானேயும் சொல்லிக்கொள்வாள். வயது ஐம்பத்தெட்டு. கணவன் ஃபாவுஸ்தோ பன்னிரண்டு வருடம் முன்பு ஒரு நீச்சல் ஆசிரியையோடு கடற்கரைப் பக்கம் குடிபோய்விட்டான். இரண்டு மாதம் அழுதாள், பிறகு வீட்டில் எவ்வளவு இடம் இருக்கிறது என்று கண்டுபிடித்துச் சந்தோஷப்பட்டாள். மகள் பொலோன்யாவில் வேலை பார்க்கிறாள். வாழ்க்கை நன்றாகவே போய்க்கொண்டிருந்தது. அதில் செவ்வாய்க்கிழமை மட்டும் மற்ற நாட்களைவிடக் கொஞ்சம் கூடுதலாக நன்றாக இருந்தது. இப்போது அந்தச் செவ்வாய்க்கிழமையின் மேல்தான் டூச்சோ கை வைத்திருக்கிறான்.

எட்டுப் பேரும் வந்து ஏறினார்கள். ஆஸ்திரேலியாவிலிருந்து இரண்டு ஜோடி, ஒரு கொரிய அம்மாவும் மகளும், பெல்ஜியத்திலிருந்து ஓய்வு பெற்ற வெர்ஹூஃப் என்பவரும் அவர் மனைவியும். வெர்ஹூஃப் முப்பத்தைந்து வருடம் ரயில் கால அட்டவணை போடும் வேலையில் இருந்தவராம். சீட்டில் உட்கார்ந்ததும் அவர் செய்த முதல் காரியம், கைக்கடிகாரத்தை வண்டியின் கடிகாரத்தோடு ஒப்பிட்டுப் பார்த்ததுதான். 'இன்றைக்கென்று பார்த்து இப்படி ஓர் ஆள் வந்து வாய்த்தாரே' என்று லோரியானா நொந்துகொண்டாள்.

மே மாதக் கடைசி. கோதுமை இன்னும் பச்சை மாறவில்லை, திராட்சைக் கொடியில் பொடிப் பொடியாகப் பூ வந்திருந்தது. முதல் ஊரான மோந்தால்சினோவில் கோட்டைக்குக் கீழே வண்டியை நிறுத்தி, ஆட்களுக்கு ஐம்பது நிமிடம் சுற்றிப் பார்க்கக் கொடுத்துவிட்டு, லோரியானா காபிக் கடைக்குப் போனாள். அங்கே குவால்தியேரோ வயிற்றைக் கடைப் பலகையில் சாய்த்துக்கொண்டு நின்றிருந்தான். வேறொரு கம்பெனிக்கு ஓட்டுபவன். ஊர் வம்பு எதுவும் அவன் காதில் விழாமல் போகாது.

"என்ன, மூஞ்சி வினிகர் குடிச்ச மாதிரி இருக்கு?" என்றான்.

அவள் விஷயத்தைச் சொன்னாள். ஒரு மணி நேரத்துக்குள் சாப்பாடு முடிய வேண்டும், இல்லாவிட்டால் பண்ணை கைவிட்டுப் போகும் என்றாள்.

"எந்தப் பண்ணை?"

"மூணு ஆந்தை."

குவால்தியேரோ கோப்பையைக் கீழே வைத்தான். "மூணு ஆந்தையில ஒரு மணி நேரமா? நாப்பது நிமிஷம்கூட ஆகாதே. போன புதன்கிழமை பதினெட்டுப் பேரைக் கூட்டிட்டுப் போனேன். அவங்க கை கழுவிட்டு வர்றதுக்குள்ள தட்டு மேசையில ஆவி பறக்குது."

"என்ன போட்டாரு?"

"பிச்சிதான், வேற என்ன."

பிச்சி எங்கள் ஊர்ப் பாஸ்தா. மாவும் தண்ணீரும்தான், முட்டைகூடக் கிடையாது. ஒவ்வோர் இழையையும் உள்ளங்கையால் தனித்தனியாக உருட்டி, முழ நீளத்துக்கு இழுக்க வேண்டும். லோரியானாவின் ஆட்கள் வந்து இறங்கிய பிறகுதான் எர்மான்னோ மாவைக் கையில் எடுப்பார். ஒரு இழை, ஒரு பேச்சு, இன்னொரு இழை என்று அது பாட்டுக்குப் போகும். அது அப்படித்தான் ஆகும் என்று அவளும் எட்டு வருடமாக ஆட்களுக்குச் சமாதானம் சொல்லி வந்திருக்கிறாள்.

"பிச்சியை நாப்பது நிமிஷத்துல எப்படிப் போட முடியும்?"

"காலையிலேயே உருட்டி, மாவு தூவி, துணி போட்டு மூடி வச்சிருப்பான். கொதிக்கிற தண்ணியில போட வேண்டியதுதான். சனிக்கிழமை ஆறே பேரோட போனேன், அன்னிக்கும் அப்படித்தான். அந்த ஆள் யாரு? இருபது வருஷம் லிவோர்னோ துறைமுகத்துக் கப்பல்ல சமையல்காரன். முந்நூறு பேருக்கு ஒரு மணி நேரத்துல போட்டவன்." குவால்தியேரோ அவள் முகத்தைப் பார்த்தான். "ஏன், உன்கிட்ட மட்டும் இழுத்தடிக்கிறானா? உங்களுக்குள்ள ஏதாவது தகராறா?"

"ஒரு தகராறும் இல்ல. நீ காபியைக் குடி."

கோட்டையிலிருந்து பண்ணைக்குப் போகும் இருபது நிமிடமும் லோரியானா உள்ளுக்குள் பொருமிக்கொண்டே ஓட்டினாள். மற்றவனுடைய ஆட்களுக்குக் காலையிலேயே எழுந்து உருட்டி வைக்கிறார், தன்னுடைய ஆட்கள் என்றால் இரண்டு மணி நேரம் காயப்போடுகிறார். பெண் ஓட்டுநர்தானே, கேட்க மாட்டாள் என்ற எண்ணமா? அவ்வளவு இளக்காரமா? எட்டு வருடம் எதிரே உட்கார்ந்து சிரித்துப் பேசியது எல்லாம் வெறும் வாய்ப்பேச்சா? புகார் வந்ததைவிட இது அவளுக்கு அதிகமாக வலித்தது. வழியில் தெரிந்த மடாலயத்தைக் காட்டி, இருபதாம் நூற்றாண்டில் கட்டியது என்று ஒலிபெருக்கியில் சொன்னாள்.

"இருபதாம் நூற்றாண்டா?" என்று பின்னாலிருந்து வெர்ஹூஃப் கேட்டார்.

"பன்னிரண்டு. மன்னிச்சுக்கோங்க," என்றாள்.

பண்ணையில் தோஸ்கா வாசலுக்கு வந்து நின்றாள். பண்ணைக்காரி, எழுபத்திரண்டு வயது, தலையில் ஆம்பிளைத் தொப்பி. ஒயின் ருசி காட்டும் வேலையை இன்றுவரை வேறு யாரிடமும் விட்டுக்கொடுக்காதவள். ஆட்களை அவள் பாதாள அறைக்குள் கூட்டிக்கொண்டு போனதும், லோரியானா நேராகச் சமையலறைக்கு நடந்தாள்.

எர்மான்னோ வழக்கம்போல இருந்தார். நீலச் சட்டை, அதில் இஸ்திரி மடிப்பு கலையாமல் இருந்தது. கையில் பச்சை மொச்சைக் காய், முன்னால் உரித்த மொச்சை ஒரு குவியல். ஓட்டுநர் மேசையில் அவளுக்கென்று தண்ணீர்க் குடுவை, ஒரு துண்டு ஆட்டுப்பால் சீஸ், நாற்காலி கொஞ்சம் வெளியே இழுத்துப் போட்டிருந்தது. பெரிய பலகையில் கவிழ்த்திருந்த சட்டியைத் தூக்கிப் பார்த்தாள், அடியில் மாவு முழு உருண்டையாக உட்கார்ந்திருந்தது. கத்தி பட்ட அடையாளம்கூட இல்லை.

"மாவை இன்னும் வெட்டவே இல்லையா?" என்றாள்.

"முதல்ல ஒரு வணக்கம் சொல்லிட்டு, அப்புறம் திட்டலாமே."

"குவால்தியேரோவுக்கு நாப்பது நிமிஷம். எனக்கு ரெண்டு மணி நேரம். ஏன்?"

எர்மான்னோவின் கழுத்து சிவந்தது. "அவங்க பதினெட்டுப் பேரு. கூட்டம்னா முன்னாடியே செஞ்சு வச்சிடணும்."

"சனிக்கிழமை ஆறே பேரு."

"சனிக்கிழமை..." அவர் மொச்சையைப் பார்த்தார். "அன்னிக்குக் காத்துல ஈரம் கம்மி. மாவு சீக்கிரம் படிஞ்சுது."

"எட்டு வருஷமா செவ்வாய்க்கிழமை மட்டும் காத்துல ஈரமா?"

முந்நூறு பேருக்குச் சமைத்த மனிதர், ஒரு கேள்விக்கு முன்னால் முழித்துக்கொண்டு நின்றார்.

"என் ஆளுங்கன்னா எப்ப போட்டாலும் திம்பாங்கன்னு விட்டுட்டீங்க. நான் வாயைத் திறக்க மாட்டேன்னு தெரிஞ்சு வச்சிருக்கீங்க. சரி. இன்னிக்கு ஒரு மணி நேரத்துல முடியலைன்னா ஜூன்லேருந்து கம்பெனி இங்க வராது. நெடுஞ்சாலைப் பக்கம் போகச் சொல்லிட்டாங்க. உங்களுக்கும் ஒரு தொல்லை விட்டுது."

எர்மான்னோவின் கையிலிருந்த காய் தரையில் விழுந்தது. அவர் அதை எடுக்கவில்லை.

"ஜூன்லேருந்து வர மாட்டீங்களா?"

"அப்படித்தான் சொன்னான்."

"இப்ப மணி என்ன?"

"பன்னெண்டு இருபது. பன்னெண்டே முக்காலுக்கு உக்காருவாங்க."

அவர் குழாயைத் திறந்து முழங்கை வரை கழுவினார். "தோஸ்காகிட்ட சொல்லுங்க, ரெண்டோட நிறுத்த வேணாம், மூணாவது ஒயினையும் ஊத்தட்டும். முதல் தட்டு ரெடியா இருக்கு, நீங்க எடுத்துட்டுப் போயிடுங்க. ஒண்ணு பத்துக்குப் பிச்சி மேசையில இருக்கும்."

அதற்குப் பிறகு நடந்ததை லோரியானா அதற்கு முன் பார்த்ததே இல்லை. சட்டி பறந்து ஒரு மூலைக்குப் போனது. மாவு தட்டையானது, கத்தி ஓடியது, மாவு நாடா நாடாவாகக் கிடந்தது. எர்மான்னோ இரண்டு கையிலும் ஒவ்வொரு நாடாவை எடுத்துப் பலகை மேல் ஒரே சமயத்தில் உருட்டினார். உள்ளங்கை முன்னே போய்ப் பின்னே வருவதற்குள் இழை முழ நீளத்துக்கு ஓடி, ரவை தூவிய தட்டில் போய் விழுந்தது. இடையில் இடுப்பால் அலமாரிக் கதவைச் சாத்தினார், முழங்கையால் அடுப்புத் தீயைப் பெரிதாக்கினார், தக்காளிச் சாற்றில் பூண்டை நசுக்கிப் போட்டார். பேசவில்லை, தலை தூக்கவில்லை. ஈரல் தடவிய ரொட்டித் துண்டுகளை ஆட்களுக்குக் கொண்டுபோய்க் கொடுத்துவிட்டு லோரியானா திரும்புவதற்குள் ஒரு தட்டு நிரம்பியிருந்தது. மொச்சையும் சீஸும் கொண்டுபோய் வைத்துவிட்டு வருவதற்குள் இரண்டாவதும் நிரம்பிவிட்டது.

இவ்வளவு வேகமாகச் செய்யத் தெரிந்த மனிதர் எதற்காக ஒவ்வொரு செவ்வாய்க்கிழமையும் ஓர் இழையை உருட்டிவிட்டு, அடுத்ததைக் கையில் வைத்துக்கொண்டே, கப்பலில் பூனை தொலைந்த கதையை அரை மணி நேரம் சொல்லிக்கொண்டிருந்தார்? கோபத்தில் இருந்தவளுக்கு அதற்கு மேல் யோசனை ஓடவில்லை.

தோஸ்கா காலிக் கோப்பைகளோடு நடைக்கு வந்தாள். சமையலறைப் பக்கம் எட்டிப் பார்த்தாள்.

"அட, கப்பல்காரன் முழிச்சுக்கிட்டானா? செவ்வாய்க்கிழமையில இந்த வேகத்தை நான் பாத்ததே இல்ல."

"செவ்வாய்க்கிழமைன்னா மட்டும் அவருக்கு என்ன வந்துச்சு, தோஸ்கா? என் ஆளுங்க என்ன பாவம் பண்ணினாங்க?"

கிழவி அவளை ஏற இறங்கப் பார்த்தாள். கோப்பைகளைத் திண்டின் மேல் வைத்துவிட்டு இடுப்பில் கை வைத்துக்கொண்டாள்.

"நெசமாவே தெரியாதா? இல்ல, தெரியாத மாதிரி நடிக்கிறியா, கண்ணு?"

"எது?"

"மத்த நாளெல்லாம் விடிகாலையிலேயே உருட்டி வச்சிடுறான். செவ்வாய்க்கிழமைன்னா மாவைத் தொட மாட்டான். சட்டைக்கு இஸ்திரி போடுவான், முகம் மழிப்பான், உன் வண்டி சத்தம் கேட்டப்புறம்தான் சட்டியைத் திறப்பான். சாப்பாடு முடிஞ்சா நீ கிளம்பிடுவ இல்ல? அதான் முடிய விட மாட்டேங்கிறான். எட்டு வருஷமா நானும் சொல்லிப் பாத்துட்டேன், வாயைத் திறந்து ஒரு வார்த்தை கேட்டுத் தொலைடான்னு. மாவை உருட்டுறானே தவிர வாயைத் திறக்க மாட்டேங்கிறான்."

சொல்லிவிட்டு, மூன்றாவது ஒயின் புட்டியை எடுத்துக்கொண்டு தோஸ்கா போய்விட்டாள்.

லோரியானா நடையில் நின்றாள். முகம் சூடாகிவிட்டது. ஐம்பத்தெட்டு வயதில் இப்படி முகம் சூடாகும் என்று யாராவது சொல்லியிருந்தால் சிரித்திருப்பாள். எட்டு வருடத்தில் எத்தனை செவ்வாய்க்கிழமை என்று கணக்குப் போடப் பார்த்தாள், முடியவில்லை. அவ்வளவு செவ்வாய்க்கிழமையும் ஒரு மனிதர் வேண்டுமென்றே மெதுவாக மாவு உருட்டியிருக்கிறார். தன்னை இளக்காரமாக நினைக்கிறார் என்று அவள் வழியெல்லாம் பொருமிக்கொண்டு வந்தாள்.

அவர் பேரில் மட்டும் பழி போடவும் முடியவில்லை. சீக்கிரம் போடுங்கள் என்று அவள் எப்போதாவது கேட்டிருக்கிறாளா? ஆட்கள் எரிச்சல்பட்டால் அவர்களுக்கு இன்னொரு கோப்பை ஒயின் ஊற்றச் சொல்லிவிட்டு, அவள் ஓட்டுநர் மேசைக்குத் திரும்பி வந்து பூனைக் கதையில் விட்ட இடத்தைக் கேட்டாள். வாரத்தில் ஐந்து நாள் வண்டி ஓட்டுகிறாள். செவ்வாய்க்கிழமை மட்டும்தான் காதில் முத்துத் தோடு போடுகிறாள். இன்றைக்கும் போட்டிருந்தாள். நடைச் சுவரில் இருந்த கண்ணாடியில் அது தெரிந்தது, அவளுக்கு வெட்கமாகவும் சந்தோஷமாகவும் இருந்தது.

ஒன்று எட்டுக்கே பிச்சி மேசைக்கு வந்துவிட்டது. ஆஸ்திரேலியாக்காரர்கள் இரண்டாம் முறை கேட்டு வாங்கினார்கள். கொரிய அம்மா, தட்டில் மிச்சமிருந்த சாற்றை ரொட்டியால் துடைத்துச் சாப்பிட, மகள் அதைப் படம் எடுத்தாள். பழமும் பிஸ்கோத்தும் முடிந்து எல்லோரும் எழுந்தபோது மணி ஒன்று நாற்பத்தொன்று.

"ஐம்பத்தாறு நிமிடம்," என்றார் வெர்ஹூஃப் திருப்தியாக. "மிக நன்றாக நடத்துகிறீர்கள்."

லோரியானா காலித் தட்டுகளைப் படம் எடுத்து டூச்சோவுக்கு அனுப்பினாள். பதிலுக்குக் கட்டைவிரல் வந்தது. பண்ணை பிழைத்தது. ஜூனிலும் ஜூலையிலும் செவ்வாய்க்கிழமை இங்கேதான். காலையிலிருந்து அவள் கேட்டது அதைத்தான். கிடைத்தும்விட்டது.

ஆட்கள் கடையில் ஒயின் புட்டி வாங்கிக்கொண்டிருந்த நேரத்தில், அவளுக்கு ஓட்டுநர் மேசையில் எட்டு நிமிடம் கிடைத்தது. எர்மான்னோ அவளுடைய தட்டைக் கொண்டுவந்து வைத்துவிட்டு எதிரே உட்கார்ந்தார். வழக்கமாக அவர் பலகைக்குப் பின்னால் நின்று உருட்டிக்கொண்டே பேசுவார். இன்றைக்கு உருட்ட ஒன்றும் இல்லை. அந்தப் பெரிய கைகள் இரண்டும் எங்கே போவது என்று தெரியாமல் மேசைத் துணியின் மேல் கிடந்தன.

"நல்லா இருக்கா?" என்றார்.

"நல்லா இருக்கு."

"பூண்டு கொஞ்சம் தூக்கலா?"

"இல்ல. சரியா இருக்கு."

கடையில் பணப்பெட்டி திறக்கும் சத்தம் கேட்டது. லோரியானா ஓர் இழையை முள்கரண்டியில் சுற்றினாள். மெல்லிசாக, ஒரே சீராக இருந்தது. மற்ற செவ்வாய்க்கிழமைகளில் ஒன்று தடியாக, ஒன்று மெலிதாக, பேச்சுக்குத் தக்கபடி இருக்கும். அவளுக்கு அதுதான் பிடித்திருந்தது.

"இனிமே எல்லா வாரமும் இப்படியே செஞ்சுடறேன்," என்றார் எர்மான்னோ. "உங்களுக்குக் கெட்ட பேர் வரக்கூடாது. எனக்குத் தோணியிருக்கணும். மன்னிச்சுக்கோங்க."

அவர் உண்மையாகவே சொன்னார். அதனால்தான் அவள் முள்கரண்டியைத் தட்டிலேயே வைத்துவிட்டாள். மேசையைக் காப்பாற்றியாகிவிட்டது. ஆனால் இனி ஒவ்வொரு வாரமும் அதில் எட்டு நிமிடம், பூண்டு தூக்கலா இல்லையா என்ற பேச்சு, அவ்வளவுதான். நெடுஞ்சாலை ஓரத்தில் கூப்பனைக் கொடுத்துச் சாப்பிடுவதைவிட இது எந்த வகையில் தேவலை? எட்டு நிமிடத்தில் இந்த மனிதரிடம் எதைச் சொல்வது?

"லோரியானா!" என்று தோஸ்கா வாசலிலிருந்து கூப்பிட்டாள். "உன் ஆளுங்க ஏறிட்டாங்க."

அவள் எழுந்தாள். "சாப்பாட்டுக்கு நன்றி," என்றாள்.

"அடுத்த செவ்வாய்க்கிழமை பாக்கலாம்," என்றார் அவர்.

எட்டுப் பேரும் இருக்கிறார்களா என்று எண்ணினாள், கதவைச் சாத்தினாள், இடத்தில் உட்கார்ந்து சாவியைத் திருகினாள். அடுத்தது பியென்சா. அங்கே சீஸ் கடை, பெரிய தேவாலயம், ஒன்றரை மணி நேரம். அதற்கப்புறம் டூச்சோ ஆசைப்பட்ட மூன்றாவது ஊர். எல்லாம் மனப்பாடம். கைப்பிரேக்கை இறக்கப் போனவள், சாவியைத் திரும்பத் திருகி எஞ்சினை அணைத்தாள்.

"ரெண்டு நிமிஷம்," என்றாள் ஆட்களிடம். "ஒண்ணை மறந்துட்டேன்."

எர்மான்னோ ஓட்டுநர் மேசையில் உட்கார்ந்திருந்தார், அவளுடைய நாற்காலியில். அவள் சாப்பிட நேரம் இல்லாமல் விட்டுப்போன மொச்சையை ஒவ்வொன்றாக எடுத்துத் தின்றுகொண்டிருந்தார். அவளைப் பார்த்ததும் திருடும்போது பிடிபட்டவர்போல எழுந்து நின்றார்.

"ஏதாவது வச்சிட்டுப் போயிட்டீங்களா?"

"தோஸ்கா என்கிட்ட எல்லாத்தையும் சொல்லிட்டாங்க."

அவர் வாசல் பக்கம் பார்த்தார். "அந்தப் பொம்பளைக்கு வாய் சும்மாவே இருக்காது," என்றார் தாழ்ந்த குரலில். பிறகு அவளைப் பார்த்தார். இல்லை என்று சொல்லவில்லை.

"செவ்வாய்க்கிழமை என் ஆளுங்களுக்கு," என்றாள் லோரியானா. "ஐம்பத்தாறு நிமிஷம், காலையிலேயே உருட்டி வச்சிடுங்க. அதுல பேச்சே இல்ல. ஞாயித்துக்கிழமை நான் என் சொந்தக் கார்ல வரேன். அட்டை இல்ல, மைக் இல்ல, கூட யாரும் இல்ல."

எர்மான்னோ கையை மேலாடையில் துடைத்தார். துடைக்கக் கையில் ஒன்றும் இல்லை.

"ஞாயித்துக்கிழமை பண்ணைக்கு லீவு," என்றார். "யாருக்கும் சமைக்கிறது இல்ல."

"தெரியும்."

முந்நூறு பேருக்குச் சமைத்த தலைக்குள் அது போய்ச் சேர அரை நிமிடம் ஆயிற்று. போய்ச் சேர்ந்ததை முகத்தில் பார்க்க முடிந்தது. முதலில் காது சிவந்தது, அப்புறம் கண் இடுங்கியது, கடைசியில் எட்டு வருடமாக அவள் பார்த்திராத ஒரு பெரிய சிரிப்பு வந்தது.

"நான் மாவை முன்னாடியே செஞ்சு வைக்க மாட்டேன்," என்றார். "நீங்க எத்தனை மணிக்கு வருவீங்க?"

"காலையிலேயே வந்துடுவேன்."

"அப்படி வந்தாலும் சாப்பாட்டுக்கு மதியம் மூணு மணி ஆயிடும்."

"ஆகட்டும்," என்றாள் லோரியானா. "சாயங்காலம்கூட ஆகட்டும்."